ஒரு தமிழ் சீரியல் எபிசோட் தயாராவது எப்படி? ஒன்லைன் முதல் டெலிகாஸ்ட் வரை

சீரியல் பார்ப்பவர்களும் சரி, அதைக் கிண்டல் செய்பவர்களும் சரி, ஒரு சின்னக் கணக்கைப் போட்டுப் பார்ப்பதில்லை. திங்கள் முதல் சனி வரை வாரத்துக்கு 6 எபிசோட் என்றால் வருடத்துக்கு 312. விளம்பரம், டைட்டில் எல்லாம் போக ஒரு எபிசோடில் 20 முதல் 22 நிமிடம் கதை ஓடுகிறது என்று வைத்தால், வருடத்துக்குக் கிட்டத்தட்ட 110 மணி நேரம். இரண்டரை மணி நேரப் படங்களாக வெட்டினால் 40 படங்களுக்கு மேல் வரும். இவ்வளவையும் பெரும்பாலும் ஒரே இயக்குநர், ஒரே வீடு, அதே பத்துப் பதினைந்து முகங்களை வைத்து எடுத்து முடிக்கிறார்கள்.

ஏன் எல்லாரும் ஹாலில் நின்றுகொண்டே பேசுகிறார்கள், ஒருத்தருக்கு அறை விழுந்தால் ஏன் எட்டுப் பேர் முகத்தைக் காட்டுகிறார்கள், நன்றாக இருந்த மாமனார் ஏன் திடீரென்று காசிக்குப் போகிறார் என்று நீங்கள் கேட்டிருந்தால், எல்லாவற்றுக்கும் பதில் இந்தக் கணக்குக்குள் இருக்கிறது. எழுதத் தெரியாமல், எடுக்கத் தெரியாமல் செய்வதாக நினைப்பது தப்பு. அவர்களுக்கு நேரம்தான் கிடையாது. அந்த நேரத்தை எப்படியெல்லாம் மிச்சம் பிடிக்கிறார்கள் என்று வரிசையாகப் பார்க்கலாம்.

முதலில் ஸ்லாட், அப்புறம்தான் கதை

கதை பிடித்திருந்தால் சீரியல் தொடங்கிவிடும் என்று வெளியிலிருந்து பார்க்கத் தோன்றும். நடப்பது தலைகீழ். இரவு 8 மணி ஸ்லாட் காலியாகப் போகிறது, எதிர்ச் சேனலில் அந்த நேரத்தில் ஒரு குடும்பக் கதை நன்றாக ஓடுகிறது, அதை அடிக்க என்ன போடலாம் என்ற கேள்வியிலிருந்துதான் எல்லாம் புறப்படுகிறது.

பணம் புழங்குகிற விதம் இரண்டு. முதலாவது, பழைய ஸ்பான்சர்டு முறை. தயாரிப்பாளர் சேனலுக்கு டெலிகாஸ்ட் கட்டணம் கட்டி அரை மணி நேரத்தை வாங்குவார், அதற்குள் அவருக்குக் கிடைக்கும் விளம்பர நிமிடங்களை அவரே கம்பெனிகளிடம் விற்று எடுத்த காசையும் லாபத்தையும் பார்ப்பார். சன் டிவி 1993 ஏப்ரல் 14 அன்று தொடங்கி வளர்ந்த காலத்தில் பெரிய சீரியல் கம்பெனிகள் எழுந்து நின்றது இந்த முறையில்தான். ராதிகாவின் ராடான், விகடன் டெலிவிஸ்டாஸ் போன்ற பெயர்கள் வீட்டுக்கு வீடு தெரிந்தது அப்போது. இரண்டாவது, கமிஷன்டு முறை. சேனலே எபிசோடுக்கு இவ்வளவு என்று பேசிக் கொடுத்துவிடும், விளம்பர வருமானமும் உரிமையும் சேனலுக்கு.

இதைத் தெரிந்துகொள்வதில் ஒரு விஷயம் இருக்கிறது. ஸ்பான்சர்டு சீரியலில் கடைசி வார்த்தை பெரும்பாலும் தயாரிப்பாளருடையது. கமிஷன்டு சீரியலில் சேனலின் கிரியேட்டிவ் டீமும், ஈ.பி. என்று எல்லாரும் கூப்பிடும் எக்ஸிகியூட்டிவ் புரொடியூசரும் சொல்வதுதான் சட்டம். வேலைக்குப் போகிறவர் இது எந்த வகை என்று முதல் நாளே கேட்டுத் தெரிந்துகொண்டால், யார் பேச்சைக் கேட்பது என்ற குழப்பத்தில் பாதி போய்விடும்.

இன்னொரு எண்ணையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். கேபிள் டிவி விதிகளின்படி ஒரு மணி நேரத்துக்கு 12 நிமிடம்தான் விளம்பரம் போடலாம். அதில் 10 நிமிடம் பொருள் விளம்பரம், 2 நிமிடம் சேனலின் சொந்த புரோமோ. அரை மணி நேரத்துக்கு 6 நிமிடம் போனால், மிச்சத்தில் டைட்டில் பாட்டு, நேற்றைய கதைச் சுருக்கம், நாளைய முன்னோட்டம். கையில் நிற்பதுதான் மேலே சொன்ன 20, 22 நிமிடம்.

கதை எங்கிருந்து வருகிறது

சொந்தக் கதை ஒரு வழி. இன்னொரு மொழியில் ஓடிய கதையை எடுத்துக்கொள்வது அதைவிடச் சுலபமான வழி. விஜய் டிவியின் பாக்கியலட்சுமியும் இந்தியில் வந்த அனுபமாவும் ஸ்ரீமோயி என்ற ஒரே வங்காள சீரியலிலிருந்து வந்தவை. மூன்றும் ஸ்டார் குழுமச் சேனல்களில் ஓடியதால் வீட்டுக்குள்ளேயே கைமாறிய கதை. எதிர்த்திசையிலும் பயணம் உண்டு, பாண்டியன் ஸ்டோர்ஸ் இங்கிருந்து கிளம்பிப் பல மொழிகளுக்குப் போனது. ஒரு மொழியில் ரேட்டிங் பார்த்துத் தேறிய கதை என்பதால் சேனலுக்குப் பாதி பயம் குறைகிறது.

கதை முடிவானதும் எழுத்து வேலை மூன்று அடுக்காகப் பிரிகிறது. கதாசிரியர் அடுத்த ஒன்றிரண்டு மாதம் கதை எந்தப் பக்கம் போகும் என்று டிராக் எழுதுவார். திரைக்கதை எழுதுபவர் அதை எபிசோடுகளாக வெட்டி, ஒவ்வொரு சீனுக்கும் நாலு வரியில் ஒன்லைன் போடுவார். வசனகர்த்தா அந்த ஒன்லைனைப் பேச்சாக மாற்றுவார். சில சீரியலில் மூன்றும் ஒரே ஆள், சிலதில் மூன்று பேர் மூன்று ஊரில் உட்கார்ந்து வாட்ஸப்பில் பேசிக்கொள்கிறார்கள்.

எபிசோட் எழுதும்போது முதலில் எழுதப்படுவது கடைசி சீன். அதைத்தான் ஃப்ரீஸ் என்பார்கள். யாரோ கதவைத் திறக்கிறார், யாரோ எதையோ பார்த்துவிடுகிறார், முகம் அப்படியே நிற்கிறது. அதற்குப் பிறகு ஒவ்வொரு விளம்பர இடைவேளைக்கு முன்னாலும் ஒரு குட்டி ஃப்ரீஸ். இந்த ஆணிகளை அடித்துவிட்டு நடுவில் இருக்கும் இடத்தை நிரப்புவதுதான் மிச்ச எழுத்து. சனிக்கிழமை வரும் ஃப்ரீஸ் கொஞ்சம் பெரிதாக இருக்க வேண்டும், ஞாயிறு தாண்டி ஆள் திரும்பி வர வேண்டுமே.

எழுதுபவர்களுக்கு எழுதப்படாத சில விதிகள் உண்டு. ஒரு முக்கியமான விஷயத்தை மூன்று தரம் சொல்லு, ஏனென்றால் பார்ப்பவர் நடுவில் எழுந்து அடுப்பைப் பார்க்கப் போயிருக்கலாம். காதால் கேட்டாலே கதை புரிய வேண்டும், கண் காய்கறியில் இருக்கும். புதிதாக வந்து சேருபவருக்கு உறவுமுறை தெரிய வேண்டும், அதனால்தான் பாத்திரங்கள் ஒருவரை ஒருவர் 'என் தம்பி பொண்டாட்டி நீ' என்று அவருக்கே அறிமுகப்படுத்துகிறார்கள். படிக்கச் சிரிப்பாக இருக்கும், ஆனால் இதை விட்டுவிட்டு எழுதினால் வீட்டில் பார்ப்பவர் திணறுவார்.

ஆளும் வீடும்

நடிகர் தேர்வு பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. ஹீரோயினுக்கு ஆடிஷன், லுக் டெஸ்ட், சேனல் ஒப்புதல் எல்லாம் உண்டு. மாமியார், பெரியப்பா போன்ற பாத்திரங்களுக்குப் பெரும்பாலும் அனுபவமுள்ள ஆட்கள், ஏனென்றால் ஒரு பக்க வசனத்தை ஒரே டேக்கில் பேசுகிற மாமியார் தயாரிப்பாளருக்குத் தினமும் ஒரு மணி நேரம் மிச்சம் பிடித்துக் கொடுக்கிறார். கர்நாடகம், கேரளத்திலிருந்து நிறைய நாயகிகள் வருகிறார்கள், மொழி ஒரு தடையே இல்லை, அது எப்படி என்று கீழே வரும்.

தேதிதான் இங்கே தங்கம். ஒரு குணச்சித்திர நடிகர் ஒரே சமயத்தில் இரண்டு மூன்று சீரியலில் நடிப்பார், மாதத்தில் இவருக்கு 10 நாள், அவருக்கு 12 நாள் என்று கால்ஷீட் பிரித்துக் கொடுப்பார். மாமனார் காசிக்குப் போன ரகசியம் இதுதான், அவருக்குப் படத்தில் வேலை வந்திருக்கும். திரும்பி வரவே முடியாவிட்டால் 'இனி இவருக்குப் பதில் இவர்' என்று திரையில் ஒரு கார்டு. சில சமயம் காரணம் மிகவும் கனமானது. எதிர்நீச்சலில் ஆதி குணசேகரனாக நடித்த மாரிமுத்து 2023 செப்டம்பர் 8 அன்று அதே சீரியலுக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது மாரடைப்பு வந்து காலமானார். கதையின் அச்சாணியே அந்தப் பாத்திரம். கதையைக் கொஞ்ச நாள் அவர் இல்லாமல் ஓட்டி, பிறகு வேல ராமமூர்த்தியை அந்த இடத்தில் கொண்டுவந்தார்கள். தினசரி ஒளிபரப்பு யாருக்காகவும் நிற்காது என்பதற்கு இதைவிடக் கடுமையான உதாரணம் எனக்குத் தெரியாது.

வீடு விஷயத்துக்கு வருவோம். சென்னையில் வளசரவாக்கம், சாலிகிராமம், ஆழ்வார்திருநகர், போரூர் பக்கம் ஷூட்டிங்குக்கு என்றே வாடகைக்கு விடும் பங்களாக்கள் இருக்கின்றன. நல்ல ஷூட்டிங் வீட்டுக்கு அடையாளம், பெரிய ஹால், ஹாலிலேயே தெரிகிற மாடிப்படி, ஹாலைப் பார்த்த மாதிரி பூஜை அறை, சமையலறை. ஒரே லைட்டிங்கில் நாலு இடம் கிடைத்துவிடும். மாடிப்படி அழகுக்கு மட்டும் இல்லை, மேலேயிருந்து ஒருவர் ஒட்டுக்கேட்க வேண்டுமே. உயரமான கூரை வேண்டும், லைட் கட்ட. வேன் நிற்கவும் ஜெனரேட்டர் சத்தம் உள்ளே வராமல் தள்ளி நிறுத்தவும் வெளியே இடம் வேண்டும். அதே வீட்டை வேறு மூலையிலிருந்து எடுத்து, திரைச்சீலையை மாற்றி, அதுதான் வக்கீல் ஆபீஸ் என்பார்கள். ஆஸ்பத்திரி என்றால் ஒரு கட்டில், ஒரு சலைன் ஸ்டாண்டு, பச்சைத் துணி.

ஷெட்யூல் போடுவது: நிஜமான மூளை வேலை

வெளியில் யாருக்கும் தெரியாத, ஆனால் ஒரு சீரியல் பிழைப்பதும் விழுவதும் இதில்தான் என்று நான் சொல்லக்கூடிய வேலை இது. சீரியலை எபிசோட் வரிசையில் எடுப்பதில்லை. மாமனாரின் கால்ஷீட் புதன், வியாழன் மட்டும் என்றால், அடுத்த எட்டு எபிசோடில் அவர் வரும் எல்லா சீனையும் அந்த இரண்டு நாளில் எடுத்துவிட வேண்டும். கோயில் சீனுக்கு ஒரு நாள்தான் அனுமதி என்றால் இந்த வாரக் கோயிலும் அடுத்த மாதக் கோயிலும் அன்றே.

இணை இயக்குநர் ஒரு தாளில் இதை உட்கார்ந்து போடுவார். சீன் நம்பர், இடம், பகலா இரவா, யார் யார், என்ன உடை, என்ன பொருள். ஹால் சீன்களை எல்லாம் ஒன்றாக அள்ளி, அதிலும் பகல் சீனை முதலிலும் இரவு சீனைச் சாயங்காலத்துக்கும் தள்ளுவார். இரவு சீனைப் பகலிலேயே எடுக்க வேண்டி வந்தால் ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டு.

இப்படிக் கலைத்துப் போட்டு எடுப்பதால் முளைக்கும் தலைவலிதான் கன்டினியூட்டி. 212-ஆவது எபிசோடில் கல்யாணம் ஆகாத பெண், 215-இல் தாலியோடு நிற்கிறாள், இரண்டையும் ஒரே மதியத்தில் எடுக்கிறீர்கள். சேலை, வளையல், பொட்டின் அளவு, நெற்றிக் கட்டு இடது பக்கமா வலது பக்கமா, காபி டம்ளர் எந்தக் கையில், வாசலில் இருந்து உள்ளே வந்தவர் தோளில் பை இருந்ததா என்று எல்லாவற்றையும் ஒரு உதவி இயக்குநர் பிடித்துவைத்திருக்க வேண்டும். முன்பு இதற்கு நோட்டு, இப்போது செல்போனில் ஒவ்வொரு சீன் முடிந்ததும் ஒரு போட்டோ. இந்த வேலையைச் சரியாகச் செய்யும் பையனை எந்த இயக்குநரும் விட மாட்டார், அவர் வேறு சீரியலுக்குப் போனாலும் கூடவே அழைத்துக்கொண்டு போவார்.

எல்லாம் ஒழுங்காக நடந்தால் எபிசோட் பேங்க் சேரும். அதாவது ஒளிபரப்பாகும் தேதிக்கு முன்னால் பத்துப் பன்னிரண்டு எபிசோடாவது தயாராகக் கையில் இருக்கும். பேங்க் இல்லாத சீரியல் அன்றாடங்காய்ச்சி, இரவு 8 மணிக்குப் போக வேண்டியது மாலை 5 மணிக்கு ஒலிகளைச் சேர்க்கும் மிக்ஸிங்கில் இருக்கும். 2020 மார்ச் 19 முதல் கொரோனாவுக்காகப் படப்பிடிப்புகள் நின்றபோது இந்தப் பேங்க் எவ்வளவு சின்னது என்பது ஊருக்கே தெரிந்துபோனது. சில வாரங்களிலேயே புது எபிசோடுகள் தீர்ந்து பழைய சீரியல்களை மறுபடி ஓட்டினார்கள், சன் டிவியில் மெட்டி ஒலி திரும்ப வந்தது அப்படித்தான். மே மாதக் கடைசியில் முதலில் 20 பேர், பிறகு 60 பேர் வரை வைத்துக்கொண்டு சின்னத்திரை ஷூட்டிங் நடத்த அரசு அனுமதித்தது. அந்த முதல் எண்ணைக் கேட்டதும் தயாரிப்பாளர்கள் திகைத்ததில் ஆச்சரியமில்லை. லைட்மேன், மேக்கப், புரொடக்‌ஷன், கேமரா, டிரைவர் என்று எண்ணினால் நடிகர் வருவதற்கு முன்பே 20 தாண்டிவிடும்.

ஷூட்டிங் நாள்

காலை 9 முதல் இரவு 9 வரை என்பது வழக்கமான கால்ஷீட். ஆனால் யூனிட் வேன் அதற்கு வெகுநேரம் முன்பே வந்துவிடும், புரொடக்‌ஷன் ஆட்கள் இட்லி பொங்கலோடு வந்திருப்பார்கள், மேக்கப் நாற்காலியில் ஆள் உட்கார்ந்திருக்கும். சீன் பேப்பர் வந்திருக்குமா என்றால், வர வேண்டும். சில நாள் வசனகர்த்தாவிடமிருந்து இரண்டு சீன் மட்டும் வந்திருக்கும், மூன்றாவது சீன் சாப்பாட்டு வேளையில் போனில் வரும்.

சினிமாவில் ஒரு நாளைக்கு இரண்டு மூன்று நிமிடம் தேறினால் நல்ல நாள். இங்கே ஒரு எபிசோடாவது முடிய வேண்டும். அதனால் எடுக்கும் முறையே வேறு. ஒரு சீனை இப்படி எடுப்பார்கள்: முதலில் எல்லாரும் தெரிகிற மாதிரி மாஸ்டர். பிறகு ஒரு பக்கத்து ஆட்களை மட்டும் பார்த்து, எதிரில் நிற்பவரின் தோளுக்கு மேலிருந்து எடுக்கும் சஜஷன், முகத்தை மட்டும் காட்டும் க்ளோஸ் என்று அந்தப் பக்கத்து வசனம் மொத்தத்தையும் முடித்துவிடுவார்கள். அப்புறம் லைட்டைத் திருப்பி எதிர்ப்பக்கம். லைட்டைத் திருப்புவதுதான் நேரம் தின்னும் வேலை, அதை ஒரு சீனுக்கு ஒரு முறைதான் செய்ய முடியும். அதனால் மாமியார் கோபத்தில் கத்துவதைக் காலையில் பதினொரு மணிக்கு எடுத்து, மருமகள் அதற்கு அழுவதைப் பன்னிரண்டரைக்கு எடுப்பார்கள், எதிரில் மாமியார் இருக்கக்கூட மாட்டார். உதவி இயக்குநர் ஒருவர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று 'நீயெல்லாம் ஒரு பொண்ணா' என்று உணர்ச்சியே இல்லாமல் படிப்பார், நடிகை அவர் காதுக்குப் பக்கத்துக் காற்றைப் பார்த்து அழுவார். லுக், அதாவது பார்வை போகும் திசை, ஒரு அங்குலம் தப்பினாலும் எடிட்டில் இருவரும் வேறு வேறு சுவரைப் பார்த்துப் பேசுகிற மாதிரி வரும்.

மொழி தெரியாத நாயகி எப்படிச் சமாளிக்கிறார் என்பதும் இதே உதவி இயக்குநரால்தான். இதற்குப் பெயர் பிராம்ப்டிங். வசனத்தைத் துண்டு துண்டாக உரக்கச் சொல்லிக்கொடுப்பார், நடிகை கேட்டுத் திரும்பச் சொல்வார். அந்தக் குரல் எப்படியும் டப்பிங்கில் போய்விடும். தமிழ் தெரிந்த நடிகர்களுக்கும் பிராம்ப்டிங் உண்டு, ஒரு நாளில் இத்தனை பக்கத்தை யார் மனப்பாடம் செய்வது? கவனித்துப் பார்த்தால் ஒரு வரிக்கும் அடுத்த வரிக்கும் நடுவில் நடிகரின் கண் ஒரு நொடி நிற்கும். நிறையப் பேர் அதை நடிப்பு என்று நினைத்துப் பாராட்டுகிறார்கள், அடுத்த வரி காதில் விழுவதற்கான காத்திருப்பு அது.

இப்போது அந்த எட்டு முகங்களுக்கு வருவோம். ஒரு அறை விழுகிறது. நடுவில் இருவர் வசனத்தை முடித்ததும் இயக்குநர் 'ரியாக்‌ஷன் எடுத்துக்கலாம்' என்பார். லைட் அப்படியே இருக்கும், கேமரா அப்படியே, நடிகர்கள் ஒவ்வொருவராக வந்து நின்று அதிர்ச்சியாகப் பார்க்க வேண்டும். ஆளுக்கு 4 நொடி என்றால் 8 பேருக்கு 32 நொடி. எடிட்டில் கொஞ்சம் ஸ்லோமோஷன் போட்டால் ஒரு நிமிடம். எழுத வேண்டாம், வசனம் வேண்டாம், டப்பிங் வேண்டாம், அவ்வளவு மலிவான ஒரு நிமிடம் உலகத்தில் வேறு எங்கும் கிடைக்காது. அளவோடு செய்யும் இயக்குநரிடம் இதுவே பலமாகவும் இருக்கிறது, கூட்டுக் குடும்பக் கதையில் ஒருவருக்கு நடந்ததை மற்றவர் எப்படி எடுத்துக்கொள்கிறார் என்பதுதானே கதை. ஆனால் எபிசோட் நீளம் குறைகிறது என்பதற்காகப் போடுகிற ரியாக்‌ஷனைப் பார்த்தவுடனே தெரிந்துவிடும், அதில் வேலைக்காரர் வரை வந்துவிடுவார்.

அந்த அறையும் அடி இல்லை. கேமரா அறைபவரின் தோளுக்குப் பின்னால் இருக்கும், கை முகத்துக்கு முன்னால் காற்றில் போகும், வாங்குபவர் சரியான நொடியில் தலையைத் திருப்புவார், சத்தம் பின்னால் சேரும். விபத்து என்றால் இன்னும் சிக்கனம்: ஹாரன், பிரேக் சத்தம், அலறும் முகம், ரோட்டில் உருளும் தக்காளி. கார் எங்கும் மோதாது, கார் ஒரு இஞ்ச் கூட நகர்ந்திருக்காது. சாப்பாட்டு சீனில் யாரும் சாப்பிடாமல் சாதத்தைப் பிசைந்துகொண்டே இருப்பதும் காரணமாகத்தான். ஒரு வாய் சாப்பிட்டால் அடுத்த ஷாட்டில் தட்டில் அதே அளவு சாதம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் கன்டினியூட்டி போச்சு.

போன் சீன் எல்லாருக்கும் பிடிக்கும், தயாரிப்பாளருக்கு இன்னும் பிடிக்கும். இரண்டு நடிகரை ஒரே நாளில் ஒரே இடத்துக்குக் கொண்டுவர வேண்டாம்.

குழந்தை நடிகர் இருந்தால் விதிகள் வேறு. குழந்தைத் தொழிலாளர் சட்டத்தின் 2017 விதிகளின்படி மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும், நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது, ஓய்வில்லாமல் 3 மணி நேரத்தைத் தாண்டக் கூடாது, சம்பாத்தியத்தில் குறைந்தது 20 சதவீதத்தைக் குழந்தையின் பெயரில் வங்கியில் நிரந்தர வைப்பாகப் போட வேண்டும். பெற்றோர் இதைத் தெரிந்துவைத்துக்கொண்டு போனால் நல்லது, செட்டில் யாரும் தாமாகச் சொல்ல மாட்டார்கள்.

இந்த வெட்டி ஒட்டும் முறைக்கு நேரெதிராக ஒன்றைச் செய்து காட்டியவர் சீரியல் இயக்குநர் திருமுருகன். 2014 மார்ச் 5 அன்று நாதஸ்வரம் சீரியலின் 1000-ஆவது எபிசோடை, 23 நிமிடத்துக்கும் மேல் ஒரே ஷாட்டில், வெட்டே இல்லாமல், நேரலையாகக் கொடுத்தார். கின்னஸில் பதிவான சாதனை அது. இதுவரை படித்துவிட்டு அதை நினைத்துப் பாருங்கள்: பிராம்ப்டிங் கிடையாது, டப்பிங் கிடையாது, 'ஒன் மோர்' கிடையாது.

எடிட், டப்பிங், ஆர்.ஆர்.

ஷூட்டிங் நடந்துகொண்டிருக்கும்போதே மெமரி கார்டுகள் எடிட்டுக்குப் போய்க்கொண்டிருக்கும். எடிட்டருக்கு முதல் வேலை, கலைந்து கிடக்கும் சீன்களை எபிசோட் வாரியாகப் பொறுக்குவது. இரண்டாவது, நீளம். 19 நிமிடம்தான் வருகிறதா, ரியாக்‌ஷனை நீட்டு, நேற்றைய கதைச் சுருக்கத்தை நீட்டு, வீட்டின் வெளிப்புறத்தை ஒரு சுற்றுக் காட்டு. 25 வந்துவிட்டதா, ஃப்ரீஸை முன்னால் நகர்த்தி மிச்சத்தை நாளைக்குத் தள்ளு. எழுத்தாளர் போட்ட கடைசி சீன் ஒன்று, நீங்கள் பார்க்கும் கடைசி சீன் வேறு என்று ஆவது இங்கேதான்.

பிறகு டப்பிங். செட்டிலேயே பதிவான ஒலியை அப்படியே வைத்துக்கொள்ளும் சீரியல்களும் உண்டு, அதற்குப் பக்கத்து வீட்டு மோட்டாரும் தெருவில் போகும் ஆட்டோவும் ஒத்துழைக்க வேண்டும். டப்பிங் என்றால் நடிகர் ஒவ்வொருவரும் தனித்தனியாக வந்து தன் பகுதியை மட்டும் பேசிவிட்டுப் போவார். நாயகிக்கு ஒரு டப்பிங் கலைஞர் குரல் கொடுப்பார், அதே கலைஞர் அடுத்த ஸ்லாட்டில் வேறொரு நாயகிக்கும் பேசியிருப்பார். கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் பிடித்துவிடலாம். அழுகை, விசும்பல், மூச்சு வாங்குவது எல்லாம் இந்தக் குரல் கலைஞர்களின் உழைப்பு, அவர்கள் பெயர் டைட்டிலில் எந்த வேகத்தில் ஓடுகிறது என்று பாருங்கள்.

பின்னணி இசையை ஆர்.ஆர். என்பார்கள். தினமும் புதிதாக வாசிக்க நேரமில்லை. சீரியல் தொடங்கும்போதே சோகத்துக்கு, சதிக்கு, காதலுக்கு, சாமிக்கு என்று துண்டுகளைச் செய்து வைத்துக்கொண்டு, அதிலிருந்து எடுத்துப் போடுவார்கள். வில்லி வந்தால் வரும் அந்த ஒரு ஓசையை அடுக்களையில் இருப்பவரும் கேட்டுவிட்டு ஓடி வருகிறார் என்றால் இசையமைப்பாளர் ஜெயித்துவிட்டார். நிறத்தைச் சரிசெய்து, மிக்ஸிங் முடித்து, ஈ.பி. பார்த்து, அவர் சொல்லும் திருத்தத்தைச் செய்து ஃபைலை அனுப்பினால் கம்பெனியின் வேலை முடிந்தது.

சேனல் கைக்குப் போன பிறகு

சேனலில் முதலில் தரச் சோதனை. படம் உடைகிறதா, ஒலி அளவு சரியா, பிராண்டு பெயர் எங்காவது தெரிகிறதா, புகை, மதுக் காட்சிக்கு எச்சரிக்கை வரி இருக்கிறதா. பிறகு விளம்பரம் செருகும் இடங்களைக் குறித்து மாஸ்டர் கன்ட்ரோல் ரூமின் பட்டியலில் சேர்ப்பார்கள். அங்கிருந்து அப்லிங்க், அதாவது சிக்னலை மேலே அனுப்புவது, பிறகு சுமார் 36,000 கிலோமீட்டர் உயரத்தில் இருக்கும் செயற்கைக்கோள், அங்கிருந்து கேபிள்காரரின் டிஷ்ஷுக்கும் டி.டி.எச். கம்பெனிக்கும். பக்கத்து வீட்டு டிவியில் ஒன்றிரண்டு நொடி முன்னால் வசனம் கேட்பது இந்தப் பாதைகளின் வித்தியாசம்தான்.

புரோமோவைப் பெரும்பாலும் சேனலின் தனி டீம் வெட்டுகிறது. மூன்று வெவ்வேறு சீனில் இருந்து ஒவ்வொரு வரியை எடுத்து ஒட்டி, நடக்காத சண்டையை நடக்கிற மாதிரி காட்டுவது அவர்கள் கலை. இதில் எனக்கு மரியாதை கிடையாது. தினமும் ஏமாந்தவர் ஒரு நாள் நிறுத்திவிடுவார்.

வியாழக்கிழமை

பார்க் (BARC) என்ற அமைப்பு 2015 முதல் டிவி ரேட்டிங் வெளியிடுகிறது. சேனல்கள் ஒலியில் காதுக்குக் கேட்காத ஒரு வாட்டர்மார்க்கைக் கலந்து அனுப்புகின்றன. நாடு முழுக்கத் தேர்ந்தெடுத்த சில பத்தாயிரம் வீடுகளில் வைத்திருக்கும் மீட்டர், டிவியிலிருந்து வரும் சத்தத்தைக் கேட்டே எந்தச் சேனல் ஓடுகிறது என்று பிடித்துவிடும். வீட்டில் யார் பார்க்கிறார்கள் என்பதை மீட்டரின் ரிமோட்டில் அவரவருக்கான பட்டனை அழுத்திச் சொல்ல வேண்டும். முந்தைய வாரக் கணக்கு வியாழக்கிழமை வெளியாகும், அன்று சீரியல் கம்பெனிகளில் யார் முகத்தையும் பார்க்க முடியாது.

எண் இறங்கினால் கூட்டம். எந்த நாள் இறங்கியது, எந்த சீனில் ஆள் எழுந்து போனது என்று கோடு போட்டுப் பார்ப்பார்கள். அதன்பின் என்ன நடக்கும் என்பது உங்களுக்கே தெரியும்: நாயகிக்கு ஞாபக மறதி, புது வில்லி, திருவிழா, இரண்டு சீரியல் குடும்பங்கள் சந்தித்துக்கொள்ளும் மகா சங்கமம். எண் ஏறினால் அந்த டிராக்கை இழுப்பார்கள், இரண்டு வாரக் கல்யாணம் ஐந்து வாரம் ஆகும். கோலங்கள் 2003 முதல் 2009 வரை 1,500 எபிசோடுகளுக்கு மேல் ஓடியது, சந்திரலேகா 2,000-த்தையும் தாண்டியது. அவ்வளவு தூரம் போகும் கதையை யாரும் முதல் நாளே முழுதாக எழுதி வைத்திருப்பதில்லை, வாரா வாரம் எண்ணைப் பார்த்து வளர்வது. முடிவும் அதே மாதிரிதான், சேனல் ஒரு நாள் கூப்பிட்டு இன்னும் மூன்று வாரம் என்று சொல்லும், எல்லாக் கெட்டவர்களும் மளமளவென்று திருந்துவார்கள்.

உள்ளே போக நினைப்பவர்களுக்கு

படித்துவிட்டுப் போவதென்றால் தரமணியில் இருக்கும் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவு, எடிட்டிங், ஒலிப்பதிவு, இயக்கம் என்று தனித்தனிப் படிப்புகள் இருக்கின்றன, அரசு நிறுவனம் என்பதால் தனியார் கல்லூரியோடு பார்த்தால் செலவு மிகக் குறைவு. படிக்காமல் போவதென்றால் வழி உதவி இயக்குநர் வேலைதான். தமிழைப் பிழையில்லாமல் வேகமாகப் படிக்கத் தெரிந்திருந்தால் பிராம்ப்டிங்குக்கு உடனே ஆள் வேண்டும். கையெழுத்து புரிய வேண்டும், நினைவு நன்றாக இருக்க வேண்டும், 12 மணி நேரம் நிற்க வேண்டும். சம்பளம் எவ்வளவு என்பதோடு பேட்டா தினமும் உண்டா, மாதக் கடைசியில் யார் கொடுப்பார் என்பதையும் மேனேஜரிடம் முதல் நாளே கேட்டுவிடுங்கள், கூச்சப்பட்டால் மூன்றாவது மாதம் அலைய வேண்டியிருக்கும்.

நடிக்கப் போகிறவர்களுக்கு ஒன்றே ஒன்று. ஆடிஷனுக்கோ 'ரிஜிஸ்ட்ரேஷனுக்கோ' போர்ட்ஃபோலியோவுக்கோ யாராவது பணம் கேட்டால் அந்த இடத்தை விட்டுக் கிளம்பிவிடுங்கள். எந்த சீரியல், எந்தக் கம்பெனி, எந்த இயக்குநர் என்று கேளுங்கள், அந்த ஷூட்டிங் வீட்டுக்கே நேரில் போய் மேனேஜரைப் பார்த்து உறுதி செய்துகொள்ளுங்கள். காலை ஒன்பது மணிக்கு முதல் ஷாட் பரபரப்பில் போனால் யாரும் பேச மாட்டார்கள். சாப்பாட்டு வேளை முடிந்து லைட் திருப்பும் நேரத்தில் போங்கள், அப்போதுதான் உதவி இயக்குநர்களுக்கு டீ குடிக்க ஐந்து நிமிடம் கிடைக்கும்.